கண்ணாடிக் கடைக்கு முன்னால்

அம்மா பல்கலைக்கழகத்தில் படித்தபோது துடுப்புப் படகுப் போட்டியில் மூன்று வருடம் சாம்பியன். இப்போது நகராட்சி அதிகாரி. அவர் ஜெயித்த கோப்பைகளில் ஒன்றில் என் பென்சில்கள் இருக்கின்றன. இன்னொன்றில் வீட்டுச் சாவி.

வெள்ளம் வந்த மூன்றாம் நாள் மாலை, முகாமில் இருந்தவர்களைச் சரிபார்த்த அம்மா, "கடைத்தெருக் கடிகாரக்காரர் எங்கே?" என்று கேட்டார்.

யாருக்கும் தெரியவில்லை. மோட்டார் படகோ வேறு பக்கம் போயிருந்தது.

"இருட்டறதுக்குள்ள நானே பார்த்துட்டு வரேன்," என்று அம்மா சின்னத் துடுப்புப் படகை இழுத்தார். "வாலு, மிதவைச் சட்டையை மாட்டிக்கிட்டு நீயும் வா. துடுப்பு போடறவங்க பின்பக்கம் பார்த்துதான் உட்காரணும். முன்னாடி பார்த்துச் சொல்ல ஒரு ஆள் வேணும்."

"சாம்பியனுக்கு நான்தான் கண்ணா?"

"வாயும்தான். அதுல உனக்கு என்ன குறைச்சல்?"

கடைத்தெருவில் ஒரு விளக்குகூட இல்லை. கதவுகளின் பாதி உயரத்துக்குக் கறுப்பாகத் தண்ணீர் நின்றது. சளப்... சளப்... துடுப்புச் சத்தம் சுவர்களில் பட்டுத் திரும்பி வந்தது. யாரோ பின்தொடர்வது போல இருந்தது.

கடிகாரக் கடையில் பூட்டு தொங்கியது. அம்மா இரண்டு முறை கூப்பிட்டார். பதில் இல்லை.

"வேற எங்கேயோ போயிட்டார் போல. தெருக்கோடி வரைக்கும் பார்த்துடலாம்."

அம்மாவின் பார்வை என் முகத்தை விட்டு நகரவில்லை. துடுப்பு போடும்போது படகுக்கு வெளியே பார்க்கவே கூடாது என்பது அவருடைய பழைய பயிற்சி.

அப்போதுதான் எதிரே ஒரு படகு வந்தது.

அதில் ஒரு பெண் எங்களுக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்திருந்தாள். அவளுக்குப் பின்னால் ஒரு சிறுமி. என்னையே பார்த்தாள்.

"அம்மா, நிறுத்து."

ஏன் என்று கேட்காமல் அம்மா நிறுத்தினார். அந்தப் படகும் நின்றது.

சே, தெருக்கோடிக் கண்ணாடிக் கடை! ஆளுயரக் கண்ணாடியில் நாங்களேதான். எனக்கு மூச்சு வந்தது.

ஆனால் கண்ணாடியில் எங்கள் தலைக்கு மேலே ஒரு மாடி ஜன்னல் தெரிந்தது. அதில் வெளுத்த கை ஒன்று மெதுவாக அசைந்தது. கை மட்டும்தான்.

'வேகமா போயிடலாம்மா' என்று சொல்ல வாயெடுத்தேன். மறுபடியும் பார்த்தேன். அந்தக் கை பயமுறுத்தவில்லை, கெஞ்சியது.

"அம்மா, எனக்குப் பின்னாடி பாரு. மாடியில ஒரு கை."

அம்மா முதல்முறையாகப் படகுக்கு வெளியே பார்த்தார். உடனே படகைத் திருப்பினார்.

கடிகாரக்காரர்தான். பக்கவாட்டுப் படிக்கட்டு மூழ்கி, தன் கடை மாடியிலேயே மாட்டிக்கொண்டிருந்தார். தன் பூனையை முதலில் என்னிடம் நீட்டிவிட்டு, சன்ஷேடு வழியாக இறங்கிப் படகின் முன்முனையில் உட்கார்ந்தார்.

"ரெண்டு நாளாக் கத்திக் கத்திக் குரலே போச்சும்மா," என்றார் காற்றுப் போன குரலில்.

"இனிமே பேசாதீங்கண்ணே. அதுக்கு இங்கே வேற ஆள் இருக்கு," என்றார் அம்மா.

திரும்பும்போது கண்ணாடிக் கடை எனக்குப் பின்னால் இருந்தது. என் தோளுக்கு மேலே அம்மாவுக்கு மட்டும்தான் அது தெரிந்தது.

"வாலு, கையை ஆட்டாதே. படகு ஆடும்."

"நான் ஆட்டலையே. ரெண்டு கையிலயும் பூனைதான் இருக்கு."

துடுப்பு நின்றது. அம்மா கண்ணாடியையே பார்த்தார்.

நான் மெதுவாகத் திரும்பினேன். பிறகு ஒரு கையைப் பூனையிடமிருந்து விடுவித்து, கண்ணாடியில் கையசைத்துக்கொண்டிருந்த சிறுமிக்கு நானும் கையசைத்தேன்.

வழி காட்டியவளுக்கு அதுகூடச் செய்யாவிட்டால் எப்படி?