பிறக்காத குட்டி, வலது தொடை

திங்கட்கிழமை அந்த எலும்பு முப்பத்துமூன்று புள்ளி நான்கு மில்லிமீட்டர் இருந்தது. வியாழக்கிழமை முப்பத்துநாலரை இருந்தது. அவள் வெர்னியரைத் துடைத்துவிட்டு மறுபடி அளந்தாள். முப்பத்துநாலரைதான்.

உயிரோடிருக்கிற எலும்பு வளரும். இரண்டாயிரம் வருஷம் மண்ணுக்குள் கிடந்த எலும்பு, காய்ந்தால் ஒரு இழை சுருங்குமே தவிர வளராது. பதினோரு வருஷமாக அவள் பார்க்கிற வேலை இது. அகழாய்வுக் குழிகளிலிருந்து மூட்டை மூட்டையாக வருகிற எலும்பையும் பல்லையும் கழுவி, நிழலில் காயவைத்து, மாடு, ஆடு, நாய் என்று பிரித்து, பல் தேய்ந்திருப்பதை வைத்து வயது எழுதுவாள். விருந்துக்குப் போன இடத்திலும் தட்டோரம் ஒதுக்கிய எலும்பைத் திருப்பிப் பார்த்து, ஒரு வயதுகூட ஆகாத குட்டி என்று சொல்லி, பக்கத்தில் சாப்பிடுகிறவர்களின் பசியைக் கெடுத்துவிடுவாள் என்று அவள் கணவன் எல்லோரிடமும் சொல்லிச் சிரிப்பான். அப்படிப்பட்டவள் அளவை மட்டும் தப்பாகப் படிப்பாளா?

திங்கட்கிழமை அவள் செய்த தப்பு வேறு. குழி தோண்டியவர்கள் ‘ஆட்டுக்குட்டி’ என்று எழுதி அனுப்பிய பையைத் தட்டில் கொட்டினாள். நாலைந்து விலா எலும்புகள், எள்ளளவு பல் மொட்டுகள் உள்ளே தெரிந்த அரைத்தாடை, ஒரு வலது தொடை எலும்பு. பார்த்ததுமே தெரிந்துவிட்டது. ஆட்டுக்குட்டி பிறந்த ஒரு மணி நேரத்தில் எழுந்து நடக்க வேண்டும். அதனால் வயிற்றில் இருக்கும்போதே அதன் எலும்பு கட்டையாக, கெட்டியாகத் தயாராகிவிடும். இது மெலிசாக, வழுவழுவென்று, எங்கேயும் போகிற அவசரம் இல்லாமல் இருந்தது. இது மனிதக் குழந்தை. பிறக்காத குழந்தை.

மனித எலும்பு வந்தால் அன்றைக்கே தனியே எடுத்து வைத்து மேலதிகாரிகளுக்குச் சொல்ல வேண்டும். எடுத்த இடத்திலேயே திரும்பப் புதைப்பார்கள். அவள் சொல்லவில்லை. மூன்று வருஷத்துக்கு முன்னால், இருபத்தெட்டாவது வாரத்தில், அவள் வயிற்றுக்குள்ளேயே ஒரு குழந்தை அசைவதை நிறுத்தியது. ஒரு பெட்டி மாட்டுப் பல்லை முடித்துக் கொடுக்கிற அவசரத்தில் இரண்டு நாள் அது அவளுக்குத் தெரியாமலே போனது. பிறகு ஒரு சின்னப் பெட்டி, ஒரு சின்னக் குழி. இன்னொரு குழந்தையை மண்ணுக்குள் அனுப்ப அவளால் முடியாது. ‘ஆடு, பிறக்காத குட்டி, வலது தொடை’ என்று பதிவுத்தாளில் தன் குண்டுக் கையெழுத்தில் எழுதி, மற்ற எலும்புகளோடு பஞ்சில் வைத்து, தன் மேசையின் கீழ் இழுப்பறையில் பூட்டினாள். அவள் மறுபடி கர்ப்பமாக இருந்தாள்; அன்றைக்கு இருபதாவது வாரம்.

எலும்பு வளர்ந்திருந்த வியாழக்கிழமை மதியம், கைப்பையில் எதையோ தேடும்போது திங்கட்கிழமை எடுத்த ஸ்கேன் அறிக்கை கையில் வந்தது. குழந்தையின் தொடை எலும்பு நீளம் என்ற வரிக்கு எதிரே முப்பத்துமூன்று புள்ளி நான்கு என்று அச்சடித்திருந்தது.

அதற்குப் பிறகு தினமும் அளந்தாள். மற்றவர்கள் சாப்பிடப் போனதும், மின்விசிறியின் கிறீச்சும் ஈர மண் வாடையும் மட்டும் மிஞ்சிய அந்த நீள அறையில், கூரை வரை அடுக்கிய அட்டைப் பெட்டிகளின் நிழலில் உட்கார்ந்து, மூச்சைப் பிடித்துக்கொண்டு இழுப்பறையைத் திறப்பாள். ஒவ்வொரு நாளும் ஒரு மயிரிழை கூடியிருந்தது. தாடைக்குள் மொட்டாக இருந்த பற்களுக்கு மெல்லிய வெள்ளைத் தொப்பி கட்டத் தொடங்கியது. இருபத்துநாலாவது வாரம் காலையில் எலும்பு நாற்பத்துமூன்று புள்ளி ஆறு. மாலையில் ஸ்கேனும் அதையே சொன்னது. கால் நீளத்தைப் பார்த்துவிட்டு, பிள்ளை அம்மாவைப் போல் குள்ளம் இல்லை, பிழைத்தது என்றான் கணவன். சிரிக்கத்தான் நினைத்தாள். அறிக்கையை மடித்துக் கைப்பையில் போட்டாள்.

ஒருநாள் துணிந்து, எலும்பை இரண்டு விரலால் பிடித்து மெதுவாகப் புரட்டினாள். வயிற்றுக்குள் குழந்தை புரண்டது. திரும்ப வைத்தாள். அதுவும் திரும்பியது. அவள் நாற்காலியிலேயே அழுதாள். பயத்தில் பாதி, மீதியைச் சொல்லவே கூச்சமாக இருந்தது. உலகத்தில் எந்தத் தாய்க்கும் கிடைக்காத ஒன்று அவளுக்குக் கிடைத்திருந்தது. இழுப்பறையைத் திறந்தால் போதும், பிள்ளை நன்றாக இருக்கிறதா என்று தெரிந்துவிடும். இனி இரண்டு நாள் தெரியாமல் போகாது. அன்றிலிருந்து அவள் எலும்பைக் கையால் தொடவில்லை; பஞ்சோடு தூக்கி, பஞ்சோடு இறக்கினாள். வீட்டுக்கு எடுத்துப் போகலாம் என்று பலமுறை நினைத்தாள். பேருந்து குலுங்குமே என்று விட்டுவிட்டாள்.

இருபத்தெட்டாவது வாரம் வந்தது. முந்தின நாள் சாயங்காலம் ஐம்பத்துமூன்று. அதைப் பார்த்த தைரியத்தில்தான் அன்று விடுப்பு எடுத்துக்கொண்டு கணவனோடு மருத்துவமனைக்குப் போனாள். காத்திருக்கும் கூடத்தில் வெயில் தரையில் சதுரமாக விழுந்திருந்தது. கிருமிநாசினி வாசம், எங்கோ ஒரு தண்ணீர்க் குழாயின் சொட்டு. கணவன் அவள் பையை மடியில் வைத்துக்கொண்டு பெயர்ப் பட்டியல் ஒன்றை மனதுக்குள் அடித்துத் திருத்திக்கொண்டிருந்தான். இந்த வாரத்தைத் தாண்டிவிட்டால் போதும் என்று அவனும் நினைக்கிறான் என்பது அவன் முகத்திலேயே எழுதியிருந்தது.

பதினொன்று இருபதுக்கு வயிற்றுக்குள் ஒரு துள்ளல். உதை இல்லை. சுட்டால் கை பின்வாங்குமே, அப்படி. மறுபடி. மறுபடி. அவள் நாற்காலியின் கையைப் பிடித்துக்கொண்டாள். வயிறு முழுவதும் ஒரு அதிர்வு ஓடியது, பொடியாக, விடாமல், அரை நிமிஷம்.

அப்புறம் ஒன்றுமில்லை.

போன் அடித்தது. ஆய்வகத் தலைவி. எல்லோருக்கும் அவர் அக்கா.

எலும்பின் காலத்தைக் கணிக்கிற இடத்துக்கு மாதிரி அனுப்ப இன்றே வண்டி வந்துவிட்டது என்றார் அக்கா. அந்தக் குழியில் உடையாத எலும்பாக ஒன்று தேவைப்பட்டதாம். பதிவுத்தாளைப் பார்த்து, பெட்டியில் இல்லாததால் மாற்றுச் சாவியால் அவள் இழுப்பறையைத் திறந்தாராம்.

"அக்கா, அதத் தொடாதீங்க."

"ஏன்? ஆட்டுக்குட்டிதானே?"

"இல்லக்கா." அவள் கணவனுக்கு முதுகைக் காட்டித் திரும்பிக்கொண்டாள். "அது மனுஷக் குழந்த. எனக்கு மொத நாளே தெரியும்."

அந்தப் பக்கம் மின்விசிறியின் கிறீச் மட்டும் கேட்டது.

"உன் கையெழுத்து இருந்துச்சு," என்றார் அக்கா. "அதனால நான் திருப்பிக்கூடப் பாக்கல. தூளெடுக்கத் துளை போட்டாச்சும்மா. இப்பத்தான். நாலு மில்லி."

உள்ளே கூப்பிட்டார்கள்.

என்ன ஆயிற்று என்று கணவன் கேட்டான். நடந்தாள். படுத்தாள். வயிற்றில் குளிர்ந்த களிம்பு. மருத்துவர் விளக்கை அணைத்தார். கருவி அழுந்தி நகர்ந்தது. அவள் கண்ணை மூடிக்கொண்டாள். நீ இரு. வேறெதுவும் வேண்டாம், நீ மட்டும் இரு.

"துடிப்பு இருக்கு," என்றார் மருத்துவர்.

கணவன் அவள் கையை இறுக்கிப் பிடித்தான். அழுதான். ஓசை வராமல், தோள் குலுங்க.

கருவி கீழே இறங்கியது. நின்றது. கொஞ்சம் சாய்ந்தது. மறுபடி நின்றது. மருத்துவர் திரையின் பக்கம் குனிந்தார். தொடை எலும்பு என்று ஆரம்பித்தவர், அந்தப் படத்தைப் பெரிதாக்கினார்.

அவள் கண்ணைத் திறந்தாள்.

திரையில் தொடை எலும்பு வெள்ளைக் கோடாக இருந்தது. வலது. ஐம்பத்துமூன்று புள்ளி இரண்டு. கோட்டின் நடுவில் கறுப்பாக ஒரு துளை. வட்டமாக, ஓரத்தில் பிசிறு இல்லாமல். அதிலிருந்து மெல்லிய தூள் கிளம்பி, தண்ணீருக்குள் மெதுவாகச் சுழன்று இறங்கிக்கொண்டிருந்தது.

குழந்தையின் வாய் திறந்திருந்தது. மூடியது. மறுபடி பெரிதாகத் திறந்தது. இயந்திரத்தின் முனகலைத் தவிர அறையில் சத்தமே இல்லை. பிறகு அதன் சின்னக் கை ஒன்று இருட்டிலிருந்து தடவித் தடவி இறங்கி வந்து, தொடையைத் தேடிக் கண்டுபிடித்து, துளையைப் பொத்திக்கொண்டது.