இல்லாத கடை

"என்னடி இது, கடை?"

டாக்மாரின் ஒரு கையில் வெண்ணெய்க் கத்தி, மறு கையில் பாட்டுத் தாள். எண்பதாவது பிறந்தநாள் அன்றும் விருந்து ரொட்டிக்குத் தானே வெண்ணெய் தடவ வேண்டியிருக்கிறதே என்ற எரிச்சல் காலையிலிருந்தே இருந்தது. அதன் மேல் இது!

ஹோர்சென்ஸ் ஊரில் யாருக்கு எண்பது ஆனாலும் பிள்ளைகள் பாட்டுக் கட்டியே தீர வேண்டும். பிறந்தது, மணந்தது, பெற்றது எல்லாம் சரணம் சரணமாக வரும். விருந்தாளிகள் அத்தனை பேரும் வாய்விட்டுப் பாடுவார்கள். பாடி முடித்துவிட்டால் அதுதான் அந்தக் குடும்பத்தின் சரித்திரம்.

மகள் பிர்தா கட்டிய மூன்றாவது சரணம் இப்படி இருந்தது: 'தலைநகர் போனான் மூத்த மகன், தனியே கடை வைத்தான்.'

"எந்தக் கடை? உன் அண்ணன் என்னைக்குடீ கடை வச்சான்?"

"அம்மா... பாதிரியாரம்மா வராங்க. கூட்டுறவு சங்கத்துக்காரங்க வராங்க. அவங்க முன்னாடி வேற என்னம்மா எழுதச் சொல்ற?"

"நடிச்சான்னு எழுது!"

"எதுல நடிச்சான்னு கேப்பாங்களே!"

டாக்மார் கத்தியைத் தட்டில் போட்டாள். எதில் நடித்தான் என்பது ஹோர்சென்ஸில் யாருக்குத்தான் தெரியாது? அந்த மாதிரிப் படங்களுக்கு இருந்த தடையை நாட்டில் நீக்கிய புதிதில், ஆணும் ஆணும் சேரும் படங்களில் நடிக்க வந்தவர்கள் முகத்தைத் திருப்பிக்கொள்வார்கள், பெயரை மாற்றிக்கொள்வார்கள். பிரெபென் ஒருவன்தான் கேமராவை நேராகப் பார்த்தான். அப்பன் வைத்த பெயரையே திரையில் போட்டான்! அப்பன் ஆக்ஸெல் அதன்பின் அவனை வாசல்படி ஏற விடவில்லை. ஆக்ஸெல் போய்ச் சேர்ந்த பிறகும் மகன் வரவில்லை. இன்றுதான் வருகிறான். வருகிற அன்றைக்கா இந்தக் கடை!

மாற்றச் சொல்லி மன்றாடிப் பார்த்தாள். தாள் அச்சாகிவிட்டது என்று பிர்தா கையை விரித்துவிட்டாள்.

மதியம் பிரெபென் வந்தான். தலை முழுக்க நரை, ஒரு முழங்கால் மடங்கவில்லை. கூடவே இத்தனை வருடமாக அவனோடு குடும்பம் நடத்தும் மோகென்ஸ். அம்மாவின் கன்னத்தில் பட்டும் படாமல் ஒரு முத்தம் வைத்துவிட்டு, கோட்டைக்கூடக் கழற்றாமல் மேஜையின் கோடியில் உட்கார்ந்தான். விருந்தாளி மாதிரி!

மீன் வந்தது, பன்றிக்கறி வந்தது, பாட்டும் வந்தது. இரண்டு சரணம் நன்றாகத்தான் போயிற்று. மூன்றாவதில் பிரெபென் தாளைக் கவிழ்த்து வைத்துவிட்டு எழுந்தான்.

"கடை நல்லா ஓடுச்சும்மா... வரேன். வா மோகென்ஸ்."

பாட்டு அறுந்து நின்றது. பிர்தா வெடித்தாள்.

"போ! எப்பவும் அதானே உனக்குத் தெரியும்! உன்னாலதான் அப்பா, அம்மாகிட்ட ஒரு வார்த்தை பேசாமலே செத்தாரு! அந்த வீட்டுல நான்தாண்ணா இருந்தேன்... 'உப்பை எடுக்கச் சொல்லு'ன்னு அம்மாவுக்கு என்கிட்ட சொல்லி அனுப்புவாரு!"

பிரெபென் நின்றான். "பேசாமலா? எனக்கு யாரும் சொல்லலையே..."

"கிளிங்!" டாக்மார் கரண்டியால் கண்ணாடிக் கோப்பையைத் தட்டினாள். கோப்பையைத் தட்டினால் பேச்சு உண்டு, மற்றவர்கள் வாயை மூட வேண்டும்.

"ரெண்டு பேரும் என் உயிரை வாங்காதீங்க! அவர் பேசாதது இவனாலயும் இல்ல, உன்னாலயும் இல்ல. என்னால. பிரெபென், மாலுமிச் சட்டை ஒண்ணு தைக்கச் சொன்னியே, ஞாபகம் இருக்கா?"

"...இருக்கும்மா."

"படத்துக்குன்னு சொன்ன. என்ன படம்னு சொல்லல. நான் தச்ச சட்டையாச்சே, பாக்க வேணாமா? ஆர்ஹுஸ் டவுனுக்குத் தனியா பஸ் ஏறிப் போனேன். டிக்கெட் குடுக்கறவன் 'தப்பான தியேட்டருக்கு வந்துட்டீங்கம்மா'ன்னான். 'பட்டன் நான் தச்சதுடா, விடுடா'ன்னேன்."

பிரெபென் சட்டென்று திரும்பினான். "நீ... பார்த்தியாம்மா?"

"இரட்டை நூல் போட்டுத் தச்சிருந்தேன். அந்த இன்னொரு பையன் ஒரு பட்டனைக் கழட்டப் பட்ட பாடு! தியேட்டரே சிரிச்சுது. கடைசிப் பட்டன் வரைக்கும் பார்த்தேன். அப்புறம் கண்ணை மூடிக்கிட்டேன்."

பாதிரியாரம்மா கேட்டார்: "படம் எப்படி இருந்துச்சு டாக்மாரம்மா?"

"கதையே இல்லைங்க!"

மேஜை முழுக்கச் சிரித்தது. டாக்மார் சிரிக்கவில்லை.

"நான் போனது உங்க அப்பாவுக்குத் தெரிஞ்சுபோச்சு. சொந்தக்காரங்களைக் கூட்டிவச்சு, 'அவன் என் பிள்ளை இல்ல'ன்னு சொல்லுன்னாரு. மாட்டேன்னேன். அன்னைக்கு மூடின வாயை அவர் அப்புறம் திறக்கல."

"ஏம்மா எங்கிட்ட சொல்லல? நீயும் என்னை நினைச்சு வெக்கப்படறன்னுதானே நான் வராமலே இருந்தேன்..." பிரெபென் நாற்காலியின் முதுகைப் பிடித்துக்கொண்டான்.

"சொல்லியிருந்தா எல்லாத்தையும் விட்டுட்டு அப்பா கால்ல விழ ஓடி வந்திருப்ப. பேப்பர்ல வந்துச்சே, உனக்குக் கடுதாசி போட்டாங்களே ஊர் ஊரா பசங்க, 'நான் மட்டும் இப்படி இல்லைன்னு உங்களைப் பார்த்துத்தான் தெரிஞ்சுது'ன்னு... அவங்களுக்கு யாருடா இருந்திருப்பா?"

"அதுல ஒருத்தன் நான்தாம்மா," என்றான் மோகென்ஸ் மெதுவாக.

பிர்தா கை துடைக்கும் துணியில் முகத்தைப் புதைத்துக்கொண்டு விம்மினாள். "எனக்கு... 'நடிச்சான்'னு எழுதத்தான்மா ஆசை... மெட்டுல உக்காரவே இல்ல..."

"உக்காராட்டி நிக்கட்டும்! எல்லாரும் மூணாவது சரணத்தை முதல்லேர்ந்து பாடுங்க. கடை கிடையாது. என் பிள்ளை நடிச்சான்!"

பாடினார்கள். மெட்டில் உட்காரவில்லைதான், கோணலாகத்தான் வந்தது. கூட்டுறவு சங்கத்துக்காரர்தான் எல்லோரையும்விட உரக்கப் பாடினார்.

பிரெபென் மடங்காத காலை இழுத்துக்கொண்டு வந்து, குனிந்து அம்மாவைக் கட்டிக்கொண்டான். அவன் தோள் குலுங்கியது. டாக்மார் அவன் முதுகைத் தடவினாள். அவள் கண்ணும் வழிந்தது. அப்படியே அவன் கோட்டின் முன்பக்கத்தைப் பிடித்து வெளிச்சத்தில் பார்த்தாள்.

"இது என்னடா, பட்டன் ஒத்தை நூல்ல தொங்குது! யார் தச்சது இது?"

"நான்தாம்மா," என்றான் மோகென்ஸ்.

"லட்சணம்! கோட்டைக் கழட்டு. பிர்தா, என் ஊசி நூலை எடுத்துட்டு வாடி."

பிரெபென் கோட்டைக் கழற்றினான்.