ஈசான மூலைப் புகைபோக்கி

காமாட்சி விளக்கின் சுடர் உள்பக்கமாகச் சாய்ந்து எரிந்தது. ஜன்னல்கள் எல்லாம் மூடியிருந்தன, ஹீட்டர் காற்று எதிர்ச் சுவரிலிருந்து வந்துகொண்டிருந்தது, புகைபோக்கியின் வாயை உச்சியில் தகடு போட்டு மூடி எத்தனையோ வருடம் ஆகிவிட்டது என்று வீடு காட்டிய ஏஜென்ட் சத்தியம் செய்யாத குறையாகச் சொல்லியிருந்தான். அப்படியும் அந்தச் சுடர், யாரோ வாயைக் குவித்து மெதுவாக உறிஞ்சுவது போல, மேலே புகைபோக்கிக்குள் இருந்த இருட்டைப் பார்த்து நீண்டு நீண்டு ஆடியது. கண்மணி உள்ளங்கையால் அணை கட்டிப் பார்த்தாள். சுடர் நிமிரவில்லை. சாம்பலும் ஈரக் கம்பளியும் கலந்த ஒரு வாசனை மட்டும் முகத்தில் வந்து அடித்தது.

"சனியன் பிடிச்ச வீடு," என்று முணுமுணுத்துவிட்டு, சாமி முன்னால் இப்படிப் பேசிவிட்டோமே என்று கன்னத்தில் போட்டுக்கொண்டாள்.

அந்தக் கல் வீட்டை அவளுக்கு முதல் நாளே பிடிக்கவில்லை. ஓக் ட்ரீ ரோட்டு இந்தியக் கடைக்குப் போய் ஒரு கட்டு கறிவேப்பிலை வாங்கி வருவதற்குள் பாதி நாள் போய்விடும். சுற்றிலும் சோளக்காடு, வாசலில் பித்தளைப் பட்டயம், அதில் வரலாற்றுச் சின்னம் என்று ஒரு பெருமை. ஒரு ஜன்னல் கண்ணாடியை மாற்ற வேண்டுமென்றாலும் ஊர்க் கமிஷனிடம் போய் நிற்க வேண்டும். கதவுக்கு வேறு பெயின்ட் அடிக்கக் கூடாது. அடுப்படியின் ஒரு செங்கல்லைக்கூட நகர்த்தக் கூடாது. வாங்கியவர்களுக்கு அதில் குடியிருக்கத்தான் உரிமை. அவள் கணவன் கிரீஷுக்கோ வீடு என்றால் இதுதான் வீடு. "ஸ்கூல் டிஸ்ட்ரிக்ட் பாரு கண்மணி, எவ்வளவு நல்ல ஸ்கூல், நம்ம பொண்ணு வெண்பாவுக்காகத்தானே எல்லாம்," என்று சொல்லியே அவளை மடக்கிவிட்டான்.

பூஜைக்கு இடம் தேடியபோது ஈசான மூலையில் இருந்தது அந்தப் பழைய சமையல் கணப்பு ஒன்றுதான். ஆள் குனிந்து உள்ளே போய் நிமிர்ந்து நிற்கலாம், அவ்வளவு பெரியது. போன சனிக்கிழமை சீரியல் விளக்குக்கு வயர் இழுக்கிறேன் என்று கிரீஷ் உள்ளே போனபோது, தோள் உயரத்தில் ஒரு செங்கல் கையோடு வந்துவிட்டது. பின்னால் ஒரு பொந்து. அதற்குள் ஒரு குழந்தையின் ஷூ, ஒற்றை ஷூ, கருத்துச் சுருங்கிய தோல், குதிகால் தேய்ந்திருந்தது.

"கருமம், கருமம்! சாமி வைக்கிற இடத்துல செருப்பா? மொதல்ல தூக்கி வெளிய போடுங்க!"

"இரும்மா, ஹிஸ்டாரிக் ஐட்டமா இருக்கும். கமிஷன்ல ஒரு வார்த்தை கேட்டுட்டு..."

"பிஞ்ச செருப்பெல்லாம் ஹிஸ்டரியா? நீங்க போடறீங்களா, நான் போடவா?"

அவன் போட்டான். திங்கட்கிழமை குப்பை வண்டி எடுத்துக்கொண்டு போனது. கண்மணி தலைக்குக் குளித்து, கணப்பு முழுக்க மஞ்சள் தண்ணீர் தெளித்து, கோலம் போட்டு, பிள்ளையாரையும் முருகனையும் குலதெய்வப் படத்தையும் அங்கே குடியேற்றினாள். மனசு நிறைந்துதான் இருந்தது.

இன்று மதியம் பனி கொட்டத் தொடங்கியபோது பக்கத்து வீட்டு டோரீன் வந்தாள். கமிஷனில் இருக்கிறவள். இந்த வீட்டுக்கு இவர்கள் வந்தது அவளுக்குப் பிடிக்கவில்லை என்பதை ஒருநாளும் மறைத்ததில்லை. கதவைத் திறந்ததும் ஹலோகூடச் சொல்லாமல் மாவிலைத் தோரணத்தைக் காட்டினாள்.

"ஆணி அடித்திருக்கிறீர்கள்," என்றாள் ஆங்கிலத்தில். "இந்தக் கதவு உங்களுடையது இல்லை. எங்கள் ஊருடையது."

கண்மணிக்குச் சுர்ரென்று ஏறியது. பதில் சொல்ல வாயெடுப்பதற்குள் டோரீனின் பார்வை அவளைத் தாண்டி உள்ளே போய், விளக்கையும் பிள்ளையாரையும் தாண்டி, திரும்பச் செருகிய அந்தச் செங்கல்லில் நின்றுவிட்டது.

"அதன் பின்னால் இருந்தது எங்கே?"

"குப்பையில்."

டோரீன் திட்டுவாள் என்றுதான் கண்மணி எதிர்பார்த்தாள். அவள் திட்டவில்லை. கண்மணியின் காலைக் கட்டிக்கொண்டு எட்டிப் பார்த்த வெண்பாவை உற்றுப் பார்த்தாள். அவள் முகத்திலிருந்த கோபமெல்லாம் வடிந்து போயிருந்தது, பயம்தான் மிச்சம்.

"அந்தப் புகைபோக்கியில் ஒன்று இருக்கிறது. அது குழந்தையைத் தேடி வரும். ஷூவில் காலின் அச்சு இருக்கும். ஷூதான் குழந்தை என்று நம்பி அதோடு இருந்துவிடும். இவள் போட்டுத் தேய்ந்த ஷூ ஒன்றை அங்கே வை. இருட்டுவதற்குள் வை."

வாசற்படியைக்கூட மிதிக்காமல் திரும்பிப் போனாள். கொஞ்ச நேரத்தில் அவளுடைய கார் கொட்டுகிற பனியில் வழுக்கிக்கொண்டு ரோட்டில் ஏறி மறைந்தது. அவளே தன் வீட்டை விட்டுப் போகிறாள்.

பைத்தியம், நம்மை விரட்டப் பார்க்கிறாள் என்று கண்மணி தனக்குத்தானே சொல்லிக்கொண்டாள். சத்தமாகவே சொன்னாள்.

குளிர்காலத்தில் நாலரைக்கே இருட்டிவிடுகிற ஊர். பனி ஜன்னல் விளிம்புவரை ஏறி வெளிச்சத்தை அடைக்க, வெளியில் ஒரு சத்தமும் இல்லாமல் போக, வீட்டுக்குள் இருக்கிற சத்தங்கள் ஒவ்வொன்றாகப் பெரிதாயின: ஃபிரிட்ஜின் முனகல், மரத்தரையின் கிரீச்சொலி, சோபாவில் போர்வைக்குள் இருந்த வெண்பாவின் ஐபேட் பாட்டு, அதற்கெல்லாம் அடியில் புகைபோக்கியின் உயரத்தில் எங்கேயோ, காய்ந்த தோல் செங்கல்லில் உரசி உரசி இறங்குகிற ஒரு சத்தம். கோலத்தின் மேல் கரி உதிர்ந்திருந்தது. துடைத்தாள். மறுபடி உதிர்ந்தது.

கிரீஷைக் கூப்பிட்டாள்.

"ட்ரெயின் நடுவழியில நிக்குதும்மா. ட்ராக் ஃபுல்லா ஸ்னோ. என்ன ஆச்சு, வாய்ஸ் ஒரு மாதிரி இருக்கு?"

"சிம்னிக்குள்ள ஏதோ இருக்குங்க. எனக்குப் பயமா இருக்கு."

"அணிலோ ரக்கூனோ புகுந்திருக்கும். கதவை லாக் பண்ணிட்டு வெண்பாவோட இரு. நான் வந்து பாத்துக்கறேன்."

இருக்கிற ஒரே கார் ஸ்டேஷனில் நிற்கிறது. குழந்தையைத் தூக்கிக்கொண்டு இந்தப் பனியில் எங்கே போவது? போனை வைத்தபோது வெண்பா ஐபேடிலிருந்து தலையைத் தூக்கினாள்.

"அம்மா, ஹூ இஸ் இன் தி சிம்னி?"

"யாரும் இல்லடா தங்கம். ரக்கூன்."

"நோ. ஹி நோஸ் மை நேம்."

கண்மணி அண்ணாந்து பார்த்தாள். மேலே உரசல் நின்றிருந்தது. கேட்டுக்கொண்டிருப்பது போல நின்றிருந்தது.

இதற்கு மேல் யோசிக்க முடியவில்லை. கராஜுக்கு ஓடினாள். செருப்பு ஸ்டாண்டில் வெண்பாவின் பிங்க் ஷூ, கிண்டர்கார்டன் மண்ணோடு இருந்தது. ஒன்றைப் பிடுங்கிக்கொண்டு கணப்பின் முன்னால் வந்து நின்றாள்.

நின்றவளுக்குக் கை நீளவில்லை.

பிள்ளையார் பார்த்துக்கொண்டிருந்தார். முருகன் பார்த்துக்கொண்டிருந்தான். இவர்கள் தலைக்கு மேலே செருப்பை வைப்பதா? வை, வை என்று மனசு அடித்துக்கொண்டது. முப்பத்தைந்து வருஷப் பழக்கம் கையைப் பிடித்து இழுத்தது. ஒரு நிமிஷம், ஒரே நிமிஷம், சாமியை நகர்த்திவிட்டு வைத்துவிடலாம். ஷூவைக் கீழே வைத்தாள். செருப்பைத் தொட்ட கை. சமையலறைக்குப் போய்க் கழுவினாள். ஈரம் துடைத்துக்கொண்டு வந்து, பிள்ளையாரைத் துண்டில் ஏந்தி சாப்பாட்டு மேஜையில் வைத்தாள். முருகனை. குலதெய்வப் படத்தை. கடைசியாக விளக்கை, அணையாமல், அடி மேல் அடி வைத்து.

"மன்னிச்சிடுப்பா முருகா. என் குழந்தைக்காக."

ஐபேட் பாட்டு எப்போது நின்றது என்று தெரியவில்லை. திரும்பிப் பார்த்தாள். சோபாவில் போர்வை மேடாக இருந்தது, மூச்சில் ஏறி இறங்கியது. தூங்கிவிட்டாள். நல்லதுதான்.

ஷூவை எடுத்தாள். கணப்புக்குள் குனிந்தாள். செங்கல்லை உருவினாள். பொந்துக்குள் ஷூவைத் தள்ளினாள்.

காத்திருந்தாள்.

உரசல் இல்லை. வாசனையும் குறைந்தது. மேஜையில் சுடர் நேராக நின்று எரிந்தது. கண்மணி அப்படியே மண்டியிட்டு உட்கார்ந்தாள். அழுகை வந்தது, சிரிப்பும் வந்தது. டோரீனுக்கு ஒரு டப்பா கேசரி செய்து கொடுக்க வேண்டும் என்றுகூட நினைத்தாள்.

"தங்கம், எந்திரிடா. அம்மா தோசை ஊத்தறேன்."

போர்வை அசைந்தது.

"அம்மா."

குரல் போர்வையிலிருந்து வரவில்லை.

மேலிருந்து வந்தது.

"அம்மா, ஐ'ம் ஸ்டக்."

போன் டார்ச்சைப் போட்டாள். கரி. செங்கல். கரி. அதற்கு மேலே, ஒரு பூனைகூடப் புக முடியாத இடுக்கிலிருந்து, ஒரு சின்னப் பாதம் தொங்கியது. வெறும் பாதம். நேற்று அவளே பூசிவிட்ட நீல நெயில் பாலிஷ்.

போன் விழுந்தது. எட்டினாள். பிடித்தாள்.

சூடாக இருந்தது. குழந்தையின் சூடு. அவள் குழந்தையின் சூடு.

"அம்மா இருக்கேன்டா. பிடிச்சிட்டேன்டா. விடமாட்டேன்."

பின்னால் போர்வை தரையில் சரிந்தது.

மரத்தரையில் நடை. சின்ன நடை. அவசரமே இல்லாத நடை.

கண்மணி திரும்பவில்லை. திரும்பினால் பிடி விட்டுவிடும். இரண்டு கையாலும் பாதத்தை இறுக்கினாள். மேலே வெண்பா வீறிட்டாள்.

நடை கணப்பு வாசலில் நின்றது. ஈரக் கம்பளி வாசனை. அவள் முதுகில் ஒரு சின்ன முகம் வந்து சாய்ந்தது. இரண்டு சின்னக் கைகள் இடுப்பைக் கட்டிக்கொண்டன. ஆசையாக. மெதுவாகப் பின்னால் இழுத்தன.

மேலேயும் எதுவோ வெண்பாவை இழுத்தது.

குதிகால் நழுவியது. உள்ளங்கால் நழுவியது. கால்விரல்கள் ஒவ்வொன்றாக நழுவின.