ml_ut

எண்களுக்கு நடுவே ஒரு பெயர் இருந்தது: v7_on_ml_ut.

இங்கேலா கண்ணைக் கசக்கிக்கொண்டு கணினித் திரையை மறுபடி பார்த்தாள். உறைந்த ஏரியை நேரலையில் காட்டும் அந்தக் கேமரா, யாராவது படகுத்துறையைக் கடந்தால் அந்தக் காட்சியை மட்டும் சேமித்து முழ நீளத்துக்கு எண்களையே பெயராகப் போட்டு வைக்கும். அதற்கு அவ்வளவுதான் புத்தி. உட்கார்ந்து பெயர் மாற்றியதெல்லாம் அவள் கணவன் ரூனே. அவன் போன குளிர்காலத்தில் இதே ஏரியில் மூழ்கிப்போனான், உடல்கூடக் கிடைக்கவில்லை. அதற்குப் பிறகு வெறும் எண்கள்தான்.

ஜன்னலுக்கு வெளியே மத்தியானமே இருட்டிக்கொண்டு வந்தது. நேற்றைய பன்னின் ஏலக்காய் வாசனை அடுக்களையில் இன்னும் இருந்தது. தூரத்தில் பனிக்கட்டி நீளமாக முனகி அடங்கியது. on என்றால் கேமரா ஓடுகிறது, ml ஏதோ இயந்திரச் சங்கேதம் என்று தனக்குத்தானே சமாதானம் சொல்லிப் பார்த்தாள். மனம் கேட்கவில்லை. கொழுந்தன் சிக்ஸ்டனை அழைத்தாள்.

"அது ஆன் இல்ல அண்ணி, ஒன்ஸ்டாக். புதன்கிழமை," என்று அவன் சிரித்தான். "நம்ம ஸ்வீடிஷே மறந்துபோச்சா?"

v7 வருஷத்தின் ஏழாவது வாரம். அடுத்தது ஆளின் முதலெழுத்துகள். ut என்றால் ஏரிக்குள் போனவர், in என்றால் திரும்பியவர். போனவர் பெயரில் in வராவிட்டால் அண்ணன் கயிறோடு தேடப் போவான் என்றான். பிறகு அவன் சிரிப்பு நின்றது.

"அண்ணி, இப்ப இத யாரு எழுதினது?"

இன்று புதன். ஏழாவது வாரம், பள்ளி விடுமுறை. மகள் மார்த்தா லுண்ட்வால் மாடியில் படம் வரைந்துகொண்டிருக்கிறாள்.

கூப்பிட்டாள். வாசலைப் பார்த்தாள். ஆணியில் குழந்தையின் பனிச்சறுக்குக் காலணிகள் இல்லை.

அந்தக் காட்சியைத் திறந்தாள். சிவப்புத் தொப்பி. மார்த்தா தனியாகத்தான் போகிறாள். ஆனால் வலது கை மேலே தூக்கியிருக்கிறது, அப்பாவின் விரலைப் பிடித்து நடப்பாளே, அப்படி. அண்ணாந்து எதற்கோ சிரிக்கிறாள்.

சிக்ஸ்டன் கிளம்பிவிட்டதாகப் போனில் கத்தினான். அவள் ஒரு காலில் பூட்ஸை மாட்டினாள். கணினி மெல்ல ஒலித்தது.

v7_on_rl_in.

ரூனே லுண்ட்வால்.

கதவு தட்டப்பட்டது.

"அம்மா, கதவத் திற. அப்பாவுக்குக் குளிருதாம்."

மார்த்தாவின் குரல். என் தங்கமே என்று இங்கேலா ஓடித் தாழ்ப்பாளைத் தொட்டாள். உயிர் திரும்பி வந்தது. திரும்பித் திரையைப் பார்த்தாள். இன்னொரு பெயர் வரவேண்டும், ml_in. வந்துவிடும்.

வரவில்லை.

கதவுக்கடியில் தண்ணீர் கசிந்தது. ஏரிச் சேற்றின் நாற்றம்.

"திறம்மா."

குழந்தையின் குரல்தான். ஆனால் அது அவள் தலைக்கு மேலே, ஒரு ஆளின் உயரத்திலிருந்து வந்தது.