தண்டல் மாசிலாமணியின் ஒடிந்த கை

கிட்ட வந்து உட்காருங்க கண்ணுகளா. களவும் இல்லாம, கொலையும் இல்லாம, ஒருத்தன் பிழைப்பு மட்டும் பறிபோன கதை ஒண்ணு சொல்லுதேன்.

காலை ஆறு மணி. தூத்துக்குடிக் கடற்கரைச் சாலையில் தண்டல் மாசிலாமணி சிலைக்கு வலது கையைக் காணோம். அந்தக் காலத்துத் தோணித் தலைவர் அவர். முத்துக் குளிக்கிறவர்களுக்காக வெள்ளைக்காரனோடு மல்லுக்கு நின்றவர். அன்றைக்கு அவர் பிறந்தநாள். சிலையைச் சுற்றிப் பூட்டின இரும்புக் கூண்டு. உள்ளே சிமெண்டுக் கையும் ஒரு கல்லும் கிடந்தன.

எஸ்.ஐ. ஜெபசெல்வி வந்து சேருமுன்னே ஆளைப் பிடித்துவிட்டார்கள். விழாக்குழுத் தெருவுக்கு ஆகாத அடுத்த தெருப் பையன் ராஜபாண்டி. முந்தின நாள் விழாக்குழுத் தலைவர் லிங்கராஜ் சிலைக்கு பெயின்ட் அடிக்கையில், எல்லாருக்கும் பொதுவான மனுசரை இப்படிக் கூண்டில் அடைத்துவிட்டீர்களே என்று வாதாடினவன். விடியலில் அவன் கல்லெறிந்ததைக் கண்ணால் கண்டதாக லிங்கராஜே புகார் கொடுத்தார். பையன் லாக்கப்பில். மதியம் மாலத்தீவு போகும் தோணியில் அவனுக்கு முதல் வேலை. ஏறாவிட்டால் அந்த இடம் வேறொருத்தனுக்கு.

ஜெபசெல்வி கூண்டைத் திறக்கச் சொல்லிப் பீடத்தில் ஏறினாள். ஒடிந்த தோளில் ஒரு கம்பி நீட்டிக்கொண்டிருந்தது. நுனியெல்லாம் சிவப்பு. ஏட்டு ஏசுவடியான் அண்ணாந்து பார்த்து, துரு என்றார். உப்புக்காற்று ஊரில் சிவந்த இரும்பை வேறென்ன சொல்வார்கள்? அவள் தொட்டுப் பார்த்தாள். துருவென்றால் உதிரும். இது விரலில் ஒட்டியது.

கிரில் பட்டறைக்காரரான லிங்கராஜைத் தனியே கூப்பிட்டாள்.

“அண்ணாச்சி, கை எப்ப ஒடிஞ்சுது?”

“விடியல்லதான். சொன்னேனே.”

“அப்ப ஒடிஞ்ச கம்பிக்கு ரெட் ஆக்சைடு பெயின்ட் அடிச்சது யாரு?”

சிவப்பு ஒட்டின விரலை அவர் முன்னே நீட்டினாள்.

“நேத்து ஏணியைச் சிலை கையில சாத்துனீய, ஒடிஞ்சு போச்சு. கமுக்கமா ஒட்டிருவோம்னு பாத்தீய. ஆனா வெறும் இரும்பைக் கண்டா பட்டறைக்காரன் கை சும்மா இருக்குமா? துரு ஏறக்கூடாதுன்னு முதல்ல ஒரு கோட்டு. அந்த ஈரத்துல சிமெண்டு பிடிக்கல, கை விழுந்துட்டு. கூண்டுச் சாவி உங்ககிட்ட. கல்லும் நீங்க போட்டதுதான்.”

“நான்தான்னு தெரிஞ்சா எங்க தெருக்காரனுவ என்னை உயிரோட விடுவானுவளா? உங்ககிட்ட ஒத்துக்கிடுதேன். வெளியில கேட்டா இல்லேம்பேன்.”

டி.எஸ்.பி.க்கு போன் போட்டாள். முழுக்கக் கேட்டுவிட்டு, இரண்டு தெருவும் ரோட்டில் நிற்கிறது, பையனை வெளியே விட்டால் கூட்டம் கொன்றுவிடும், லிங்கராஜைப் பிடித்தால் ஸ்டேஷன் எரியும், சாயங்காலம் பார்ப்போம் என்று வைத்துவிட்டார். தோணித் தண்டலிடமும் கெஞ்சினாள். போர்ட்டில் கிளியரன்ஸ் ஆகிவிட்டது, நிற்க முடியாதும்மா என்றார்.

மதியம் ராஜபாண்டி கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றான்.

“எக்கா, நான் கல்லெறியல.”

“தெரியும்லே.”

“தெரிஞ்சா திறந்து விடுங்கக்கா.”

லாக்கப் சாவி அவள் மேசையில்தான் கிடந்தது. தோணி போன பிறகும் அங்கேயே கிடந்தது.

நல்லாயிருங்க கண்ணுகளா. உங்க வீட்டுப் பிள்ளைக சொல்லுத உண்மை, சொன்ன அன்னைக்கே செல்லுபடியாகட்டும். உங்க உலையும் வாசலும் நிறைஞ்சிருக்கட்டும்.