ஊர்ச் சுருதி

மூன்றாம் முறையும் மணல் சிதறியது.

"பாத்தீங்களா?" என்றார் தட்டாளர் கனகசபை. கேட்டது கூட்டத்தை. ரெஜினாவை அவர் ஏறிட்டும் பார்க்கவில்லை. "இந்தம்மா உடம்புல கோலமே இல்ல."

நிலவின் மறுபக்கத்தில், பாறைக்கு அடியில் இருந்தது அந்த ஊர். அங்கே குடியிருக்க, தட்டாளர் நடத்தும் அதிர்தட்டுச் சோதனையில் தேற வேண்டும். இழுத்துக் கட்டிய தோல், அதன் மேல் மெல்லிய மணல். விளிம்பில் விரலை வைத்து, யாரும் சுருதி கொடுக்காமல், தனக்குள்ளிருந்து ஆதார ஸ்வரமான ஷட்ஜத்தை எடுத்துப் பாட வேண்டும். செம்மையான ஆன்மா என்றால் மணல் ஒன்பது முக்கோணங்களாகக் கூடும். இல்லாவிட்டால் அடுத்த சரக்குக் கலத்தில் பூமிக்கு.

இந்த விதி 'அதிர்கோலம்' என்ற தடித்த நூலிலிருந்து வந்தது. ஒரு பாடகர், ஒரு இயற்பியலாளர், யந்திரத் தகடு வரையும் ஒருவர், மூவரும் சோதனை நடக்கும் இதே மண்டபத்தில் உட்கார்ந்து எழுதியது. இசையின் ஆதார சுருதி, பொருளின் அதிர்வு, யந்திரத்தின் கோடு மூன்றும் ஒன்று, அந்த ஒன்று மனிதனுக்குள் ஒலிக்கிறது என்பது அவர்கள் வாதம். கணக்கும் படங்களும் பக்கம் பக்கமாக இருந்தன. ஊர் அதைக் கண்ணாடிப் பெட்டியில் வைத்துக் கும்பிட்டது. முழுதாகப் படித்தவர் எவருமில்லை.

ரெஜினா படித்திருந்தாள். தூத்துக்குடியில் ஒலியியல் பாடம் நடத்தியவள். கணவனோடு சேர்ந்து வாழ நிலவுக்கு வந்தவள். கணவன் செல்வின், ஊருக்கு மூச்சுக்காற்றைச் செலுத்தும் விசிறிகளைப் பராமரிக்கும் காற்றுத்துறையில் வேலை பார்த்தான். அவன் அவள் காதருகே குனிந்தான்.

"ஏட்டி, இவங்க பாடுத மாதிரியே நீயும் பாடித் தொலையேன். சோலி முடிஞ்சுது."

"சும்மா கெடங்க."

அவள் கூட்டத்தின் பக்கம் திரும்பினாள். "வந்து எறங்குன அன்னைக்கே பாத்தேன். ஊரே மூணு கட்டைச் சுருதியில பாடுது. ஆம்பள தொண்டைய இழுத்துக்கிட்டுப் பாடுதான், பொம்பள அமுக்கிக்கிட்டுப் பாடுதா. பூமியில எந்த ஊர்லயும் இப்படிக் கெடயாது. என் தொண்ட அஞ்சரைக் கட்ட. தட்டாளருக்கு ஒண்ணரை. ஆனா அவரும் மூணுல போயி மூச்சு முட்டி நிக்காரு."

யாரோ சிரித்தார்கள். கனகசபை அந்தத் திசையை முறைத்தார்.

"பிரசங்கம் முடிஞ்சுதா அம்மணி?"

"முடியல. உங்க காத்து விசிறி மூணு கட்டையில முழங்குது. பொறந்ததுலேர்ந்து கேட்டு உங்க காதுக்கு அது தெரியல. தட்டுத் தோலையும் அதுக்குத்தான் இழுத்துக் கட்டியிருக்கீங்க. அதோட ஒத்துப் பாடுனா மணல் கூடுது, ஒத்துப் பாடாட்டி செதறுது. இதுல ஆன்மா எங்க வந்துது? விசிறி நின்னப்ப செஞ்ச சோதனை ஒண்ணு இந்தப் புஸ்தகத்துல காட்டுங்க, நானே கலத்துல ஏறிக்கிடுதேன்."

காட்ட முடியாது. மாதம் ஒருமுறை விசிறியை நிறுத்தி, அச்சில் ஏறிய நிலவுத் தூசியைத் துடைப்பார்கள். அப்போது அந்த வளாகத்து ஆட்களை அடுத்த வளாகத்துக்கு அனுப்பிவிடுவார்கள். நின்ற விசிறியை ஊரில் துடைப்பவர்கள் மட்டுமே அறிவார்கள். அன்று மண்டபத்து விசிறியின் முறை.

"நிறுத்தட்டும், நான் பாடறேன்," என்றார் கனகசபை. அவருக்குச் சந்தேகமே இல்லை.

செல்வின் நெம்புகோலில் கை வைத்துத் தயங்கினான். "வேண்டாம்ட்டி."

"இழுங்க."

முழக்கம் இறங்கி இறங்கி நின்றது. ஒரு குழந்தை வீறிட்டது. பலர் காதைப் பொத்தினார்கள். கனகசபை பாடினார். குரல் பிடி கிடைக்காமல் வழுக்கிக் கீழே போனது. மணல் அங்குமிங்கும் நகர்ந்து குப்பையாகக் கிடந்தது. மறுபடி பாடினார். மறுபடியும் குப்பை.

அவர் வியர்வையைத் துடைத்துக்கொண்டு நிமிர்ந்தார்.

"எல்லாரும் பாத்தீங்க. கோலமில்லாத ஒருத்தி உள்ள வந்தா, ஊர் நாதமே அணைஞ்சு போச்சு. என்கிட்ட இருந்ததையும் பறிச்சுட்டா."

"யோவ், நிறுத்துனது விசிறியய்யா!" என்று கத்தினாள் ரெஜினா.

"போடு! போடுடா!" என்று கூட்டம் செல்வின் மேல் பாய்ந்தது. அவன் போட்டான். முழக்கம் எழுந்தது. அழுதுகொண்டே எல்லாரும் அதே சுருதியில் பாட ஆரம்பித்தார்கள். தட்டின் விளிம்பில் ஒருவர் விரலும் இல்லை. மணல் தானாக ஒன்பது முக்கோணங்களாகக் கூடியது.

ரெஜினா அதைச் சுட்டிக் காட்டினாள். கூட்டம் அதைக் கைகூப்பிக் கும்பிட்டது.

அன்றே அவளைக் கலத்தில் ஏற்றினார்கள். அன்றே நூலில் ஒரு விதியையும் சேர்த்தார்கள்: எந்த வளாகத்திலும் விசிறியை இனி ஒருபோதும் நிறுத்தக் கூடாது.

செல்வின் கூட வரவில்லை. "நானும் வந்துட்டா விசிறிய யாரு பாக்குறது?"

"இனிமே உங்கள எங்க துடைக்க விடப் போறாங்க?" என்றாள் அவள். கதவு மூடியது.

தூத்துக்குடிக்கு அவனிடமிருந்து பல மாதம் கழித்து அழைப்பு வந்தது. அவன் குரலுக்குப் பின்னால் விசிறி. அவள் சுருதிப் பெட்டியை எடுத்து வைத்துத் தேடினாள். மூன்றில் சேரவில்லை. இரண்டிலும் இல்லை. ஒன்றரையில் வந்து ஒட்டியது.

"இங்கேருங்க, அச்சுல தூசி ஏறிட்டு. விசிறி மெதுவாயிட்டு, மூச்சுக்குக் காத்து பத்தாது. இப்பவே நிறுத்தித் துடைங்க."

"மெதுவா? அதே சுருதிதாம்ட்டி. தட்டுத் தோல மட்டும் அப்பப்ப தளர்த்திக் கட்டுதோம். எல்லாரும் தேறுதாங்க. தட்டாளருக்கு இப்ப மூச்சே முட்டுறதில்ல, அம்புட்டுச் சொகமாப் பாடுதாரு."

"தல கனமா இருக்கா?"

"சே. நல்லாத் தூக்கம் வருது. ஊருக்கே வருது." நீளமாகக் கொட்டாவி விட்டான். "நம்பலன்னா கேளு."

ஷட்ஜத்தைப் பிடித்தான். சுருதி சுத்தமாக இருந்தது. பாதியில் நிறுத்தி மூச்சு வாங்கினான். அடுத்த மூச்சுக்கு அவள் காத்திருக்க வேண்டியிருந்தது.