இருவாச்சியின் வாசற்படி

காட்டுக்குள் போன ஆறாம் நாள் ரெஜினா ஒரு தப்புச் செய்துவிட்டாள், கண்ணுகளா.

அவள் ஒளிப்பதிவாளர். இரண்டு சின்னப் படங்கள் எடுத்துவிட்டு, முதல் ஆவணப்படத்துக்காக ஆனைமலை ஏறியிருந்தாள், இருவாச்சிப் பறவையைத் தேடி. பெண் இருவாச்சி மரப்பொந்துக்குள் புகுந்து வாசலை அடைத்துக்கொண்டு குஞ்சு பொரிக்கும். சின்னச் சந்து ஒன்றுதான் மிச்சம். ஆண் பறவை அதன் வழியே பழம் ஊட்டினால்தான் தாயும் குஞ்சும் பிழைக்கும்.

பொந்து கிடைத்தது. அவளும் வழிகாட்டியும் எதிர்மரத்தில் பரண் கட்டினார்கள். கேமராவில் பார்த்தால் பொந்துக்குக் குறுக்கே அந்த மரத்தின் கிளை ஒன்று. படப்பிடிப்பில் மறைப்பதையெல்லாம் ஒதுக்கிப் பழகிய கை சும்மா இருக்குமா? வழிகாட்டி ராசப்பன் தண்ணீருக்குப் போன நேரம், கயிறு வீசிக் கிளையை இழுத்து, தன் மரத்துக் கொம்பின் நுனியில் கட்டிவிட்டாள்.

ஆண் பறவை வந்தது. வட்டமடித்தது, போய்விட்டது. இரவெல்லாம் மழை. காலையிலும் அதே கதை. பொந்துக்குள் பெண் பறவையின் குரல் கம்மியிருந்தது.

ராசப்பன் கயிற்றைப் பார்த்துவிட்டான். "இதை யாரு கட்டினதுக்கா?"

"நான்தான். மறைச்சுது."

"அது அவன் வாசப்படிக்கா. அதுல உக்காந்து நாலு பக்கமும் பாத்துட்டுத்தான் பொந்துக்கே போவான்."

"கயித்தை வெட்டிவிட்டா?"

"கிளை விசையா போய்ப் பொந்துல அடிக்கும். மெதுவா விடணும். நான் ஏறுறேன்."

"உன் எடையைக் கொம்பு தாங்காது. கட்டினவளே அவுக்குறேன்."

"விழுந்தா கேமராவை வித்துருவேன், சொல்லிட்டேன்."

"லென்ஸைத் தொட்டே, பேயா வருவேன்."

இடுப்பில் கயிறு கட்டி, மறுமுனையை ராசப்பனிடம் கொடுத்துவிட்டு, ஈரக் கொம்பில் தவழ்ந்தாள். கீழே எழுபது அடி. கால் வழுக்கி அந்தரத்தில் தொங்கினாள். ராசப்பன் பல்லைக் கடித்து இழுத்தான். மறுபடி தவழ்ந்து, முடிச்சை அவிழ்த்து, சாண் சாணாகக் கயிற்றை விட்டாள். உள்ளங்கைத் தோல் உரிந்தது. கிளை பழைய இடத்துக்கே போய் நின்றது. கயிற்றையும் உருவிக்கொண்டாள்.

கேமராவில் பாதிப் பொந்து மறைந்தே இருந்தது. இருக்கட்டும் என்று விட்டுவிட்டாள்.

ஒரு மணி நேரம் போனது. தூரத்தில் ரயில் வருகிற மாதிரி இறக்கைச் சத்தம். ஆண் பறவை கிளையில் வந்து உட்கார்ந்தது. அதன் கனத்தில் கிளை தாழ்ந்ததே பாருங்கள், பொந்து முழுசாகத் தெரிந்தது! நாலு பக்கமும் பார்த்தது. தத்திப் போய் மரத்தைப் பற்றிக்கொண்டு, தொண்டையிலிருந்து அத்திப்பழங்களை ஒவ்வொன்றாக எடுத்து ஊட்டியது. பதினேழு பழம். உள்ளிருந்து வந்த அலகு ஒன்றைக்கூடத் தவறவிடவில்லை.

மலை இறங்கியதும், படத்தைப் பார்த்த இயக்குநர் கேட்டார்: "அந்தக் கிளையைச் சரியான நேரத்துக்கு எப்படிம்மா இறக்கினீங்க?"

கட்டுப்போட்ட கையோடு ரெஜினா சிரித்தாள். "நான் எங்க சார் இறக்கினேன்? அவன் இறக்கினான்."

இப்போதெல்லாம் எந்தக் காட்டுக்குப் போனாலும் முதல் நாள் அவள் கேமராவைத் திறப்பதில்லை. அங்கே எது யாருடையது என்று பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருப்பாள்.